அரை விரல் நூல்

பழைய சாமான் அறையை ஒழித்தபோது ஒரு பிஸ்கட் டின் நிறையப் பிள்ளைக் காலுறைகள் கிடைத்தன என்று, எங்கள் ஆஸ்பத்திரியில் இப்போது வேலை பார்க்கும் நர்ஸ் பெண்கள் எனக்குக் கடிதம் எழுதியிருக்கிறார்கள். எந்த இரண்டும் ஒரே அளவில் இல்லையாம். ஒன்றில் கட்டைவிரல்கூட நுழையவில்லை, இன்னொன்றில் தேங்காயைப் போடலாம். இது அந்தக் காலத்து வைத்திய முறை ஏதாவதா அக்கா, விவரமாக எழுதுங்கள் என்று கேட்டிருக்கிறார்கள். வைத்திய முறை இல்லை, கண்ணுகளா. அது நான். அந்த டின்னில் இருப்பவை மேட்ரன் பிரிக்காமல் மறந்துபோன மிச்சம். அவர் பிரித்தவற்றையும் சேர்த்திருந்தால் உங்களுக்குச் சாமான் அறையே கிடைத்திருக்காது.

தூத்துக்குடியில் பிள்ளைக்குக் காலுறையா என்று நீங்கள் சிரிப்பது எனக்குக் கேட்கிறது. மார்கழியிலும் மத்தியானத்தில் முதுகு வியர்க்கிற ஊர்தான். ஆனால் மாதம் நிறையாமல் பிறந்த பிள்ளைக்கு அது தெரியாது. ஐப்பசி, கார்த்திகையில் கடற்காற்று ஜன்னல் வழியாக நேரே தொட்டிலுக்குத்தான் வரும். நாற்பதுகளில் எங்களிடம் கண்ணாடிப் பெட்டியும் கிடையாது, மின்சாரச் சூடும் கிடையாது. பஞ்சு, வெந்நீர் பாட்டில், காலுறை, இந்த மூன்றையும் வைத்துக்கொண்டுதான் மூன்று ராத்தல், உங்கள் கணக்கில் ஒன்றரைக் கிலோகூட இல்லாத பிள்ளைகளோடு மல்லுக்கட்டினோம். பாதம் சில்லிட்டால் பிள்ளை நழுவப் போகிறது என்று அர்த்தம். அதனால் பிரசவ வார்டில் வேலை பார்க்கும் எல்லோரும் ஓய்ந்த நேரத்தில் காலுறை பின்ன வேண்டும் என்பது சட்டம்.

நான் புன்னைக்காயல்காரி. எங்கள் வீட்டில் ஆண்கள் கடலுக்குப் போவார்கள், பெண்கள் வலை கட்டுவோம். ஏழு வயதில் வலை ஊசி பிடித்த கை இது. நர்ஸ் பயிற்சி மூன்று வருஷத்தைப் பற்றிச் சொல்ல அதிகம் இல்லை. பெட்பான் கழுவினேன், பாடத்தை உரக்கப் படித்து மறந்தேன், இரண்டு தரம் மயங்கி விழுந்தேன், அதில் ஒரு தரம் டாக்டரம்மா மேலேயே விழுந்தேன். எப்படியோ தேறிப் பிரசவ வார்டுக்கு வந்தபோது, அங்கே குரோஷா ஊசியைப் பார்த்ததும் எனக்குத் தலைகால் புரியவில்லை. இதுவும் வலைதானே, கண்ணி கொஞ்சம் சின்னது, நமக்கு யார் சொல்லித்தர வேண்டும் என்று இருந்தேன்.

சொல்லித்தர மேட்ரன் எஸ்தரம்மா இருந்தார். பாளையங்கோட்டைக்காரர். குட்டையான உருவம், கஞ்சி போட்ட வெள்ளைப் புடவை, குரலை உயர்த்தியதே இல்லை. உயர்த்தியிருந்தால் நாங்கள் நிம்மதியாக இருந்திருப்போம். நாம் பின்னி முடித்த காலுறையைக் கையில் வாங்குவார். "இது யாருக்கு?" என்பார். என்ன பதில் சொன்னாலும் சரி, நூல் முனையைக் கண்டுபிடித்து இழுக்கத் தொடங்குவார். இழுத்துக்கொண்டே வேறு எதையாவது பேசுவார். சலவைக்குப் போன துணி திரும்ப வந்ததா, ஏழாம் நம்பர் கட்டிலில் மூட்டைப்பூச்சியாமே, இப்படி. நூல் அவருடைய இடதுகைக் கட்டைவிரலிலும் சுண்டுவிரலிலும் மாறி மாறிச் சுற்றிக்கொண்டே போகும். பேச்சு முடியும்போது காலுறை இருக்காது. நூலுருண்டையை நம் கையில் வைத்து, "நல்ல நூல்" என்று சொல்லிவிட்டுப் போய்விடுவார்.

என் முதல் காலுறையை மூன்று நாள் பின்னினேன். "இது யாருக்கு, செபஸ்தி?" என்றார்.

"நாலாம் நம்பர் பிள்ளைக்கு, மேட்ரன்."

"பிள்ளைக்கா, பிள்ளையோட அப்பாவுக்கா?"

வார்டே சிரித்தது. அன்றைக்குப் பிரசவமாகிப் படுத்திருந்தவள்கூடத் தையலைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள்.

அவருடைய முறை இன்றும் என் விரலில் இருக்கிறது. உள்ளங்காலின் நீளத்துக்கு நம் கட்டைவிரல்தான் அளவு. ஒவ்வொரு நர்ஸின் கட்டைவிரலையும் ஸ்கேல் வைத்து அளந்து, கூட்டவேண்டியதையும் குறைக்கவேண்டியதையும் சொல்லியிருந்தார். எனக்கு, "நகத்தைச் சேர்க்காதே" என்று உத்தரவு. அடிப்பாகம் முதலில், பிறகு விரல் பக்கம் மூடி, கணுக்காலில் ஒரு வரிசை ஓட்டை விட்டு, அதில் நாடா கோக்க வேண்டும். கடைசியில் நூல் முனைகளை ஊசியில் கோத்து நாலு தையல் அந்தப் பக்கம், மூன்று தையல் இந்தப் பக்கம் உள்ளேயே ஓட்டி, ஒட்ட நறுக்க வேண்டும். அதன்பிறகு காலுறையை உள்பக்கம் வெளியே வரும்படி திருப்பிச் சுண்டுவிரலில் மாட்டிக் கண்ணை மூடிக்கொண்டு தடவிப் பார்க்க வேண்டும். விரலில் ஏதாவது தட்டினால் பிரிக்க வேண்டியதுதான். தேறியது வெந்நீரில் கொதித்து, வெயிலில் காய்ந்து, பிள்ளை காலுக்குப் போகும். பால் கொடுக்கிற ஒவ்வொரு வேளையும் கழற்றிப் பாதத்தைப் பார்த்துவிட்டு மறுபடி மாட்ட வேண்டும்.

இதில் எனக்குப் பிடிக்காதது ஒன்றே ஒன்று, ஒட்ட நறுக்குவது. வலை கட்டுகிறவர்களிடம் கேட்டுப் பாருங்கள். முடிச்சை ஒட்ட அறுத்தால் தண்ணீரில் ஊறி நழுவிவிடும். முடிச்சுக்கு வெளியே அரை விரல் நூல் விட வேண்டும். விடாததற்கு என் அம்மாவிடம் நான் வாங்கிய அடி கொஞ்சநஞ்சமல்ல. மேட்ரனுக்கு வலையைப் பற்றி என்ன தெரியும் என்பது என் எண்ணம். அவர் பார்க்கும்போது ஒட்ட நறுக்குவேன். அவர் பார்க்காதவற்றில் ஊசியும் ஓட்டமாட்டேன். எங்கள் ஊர் முடிச்சாகப் போட்டு, அரை விரல் விட்டு, அதை உள்பக்கமாகத் தள்ளிவிடுவேன். வெளியே பார்க்க அப்படி ஒரு அழகு. உள்ளே யார் பார்க்கப் போகிறார்கள்?

யுத்தம் நடந்துகொண்டிருந்தது. கப்பல் வருவதே குறைந்து, கம்பளி நூல் கடைகளில் காணாமல் போய்விட்டது. மில்லில் வேலை பார்த்த ஒரு புண்ணியவான் பருத்தி நூல்கண்டுகள் வாங்கிக் கொடுத்தார். கம்பளி நூல் என்றால் இழுத்தால் நீளும், பலமாக இழுத்தால் அறுந்துவிடும். இந்த நூல் நீளவும் நீளாது, அறவும் அறாது. எனக்கு ரொம்பப் பிடித்துப்போயிற்று.

அப்போதுதான் செல்லக்கனி வந்து சேர்ந்தாள். மார்க்கெட் பக்கம் பலசரக்குக் கடை வைத்திருந்த அண்ணாச்சி ஒருவரின் மனைவி. இருபது வயது இருக்கும். இதற்குமுன் இரண்டு பிள்ளைகள் தங்கவில்லை. இதுவும் எட்டாம் மாதத்திலேயே பிறந்துவிட்டது. ஆண் பிள்ளை. என் உள்ளங்கையிலிருந்து முழங்கைக்குள் அடங்கிவிடுவான். பெயர்கூட வைக்கவில்லை, வைக்க அவர்களுக்குப் பயம். செல்லக்கனி அதிகம் பேசமாட்டாள். நான் கட்டிலருகே போனால் படுத்திருப்பவள் எழுந்து உட்காருவாள். அது என்மேல் உள்ள மரியாதை என்று நினைத்து மகிழ்ந்துபோவேன்.

அவள் மாமியார் அப்படியில்லை. அந்த ஆச்சி துவைத்துத் துவைத்து மெத்தென்று ஆன பழைய சேலைத் துணியை ஒரு மூட்டையாகக் கொண்டுவந்திருந்தார். நான் காலுறையை எடுத்து வந்ததும் கையை நீட்டித் தடுத்தார்.

"ஏ தாயி, பச்ச மண்ணுக்குப் புதுசு போடக் கூடாது. பழந்துணியச் சுத்தி வைங்க, போதும்."

"ஆச்சி, இது ஆஸ்பத்திரி. இங்கன நாங்க சொல்லுததுதான். ஒங்க பழந்துணில எத்தன கிருமி இருக்கோ?"

"அந்தத் துணில ஏழு புள்ள வளந்துருக்கு."

"இது எட்டாவது. நான் வளக்கேன்" என்றேன். இதைச் சொன்ன வாயை நினைத்தால் எனக்கே அறையத் தோன்றுகிறது.

அந்த இரண்டு நாள் மேட்ரன் ஊரில் இல்லை. தம்பி வீட்டுக் கல்யாணத்துக்குப் பாளையங்கோட்டை போயிருந்தார். வார்டு என் பொறுப்பு. பொறுப்பு என்றால் எனக்கு நடையே மாறிவிட்டது. சாவிக்கொத்தைத் தேவையில்லாமல் குலுக்கிக்கொண்டு திரிந்தேன். காலையில் புதுக் காலுறை இரண்டையும் பிள்ளைக்கு மாட்டி, நாடாவைப் பூப்போல முடிந்தேன். மாமியார் பார்த்துக்கொண்டிருந்தார். அதனால் செல்லக்கனியிடம் எல்லோருக்கும் கேட்கும்படி ஒரு உத்தரவு போட்டேன்.

"ஏளா, இத யாரும் கழட்டப்பிடாது. நான் வந்து கழட்டுனாத்தான் உண்டு. கேட்டியா?"

"சரி, நர்ஸம்மா."

பால் கொடுக்கும் வேளை வந்தது. கழற்ற வேண்டும் என்று எனக்குத் தெரியும். ஆனால் கழற்றினால் ஆச்சி ஜெயித்த மாதிரி ஆகிவிடுமே. மேலேயே தொட்டுப் பார்த்தேன், கதகதப்பாக இருந்தது. அடுத்த வேளையும் அப்படியே. அன்றைக்கு முழுவதும் அப்படியே.

மறுநாள் காலையிலிருந்து பிள்ளை அழுதான். மாதம் நிறையாத பிள்ளை அழுதால் பூனைக்குட்டி சத்தம்தான் வரும். அந்தச் சத்தம் நிற்கவே இல்லை. பால் குடிக்கவில்லை. வாயில் வைத்ததைத் துப்பினான். ஆச்சி உரம் விழுந்திருக்கிறது, தூக்கினதில் எங்கேயோ சுளுக்கிக்கொண்டது என்றார். உப்பும் மிளகாயும் சுற்றிப் போட்டார். நான் சிரித்துவிட்டு வயிற்றுப் பொருமல் என்று வைத்தியம் பார்த்தேன். அதுவும் கேட்கவில்லை. டாக்டரம்மா வந்து வயிற்றை அமுக்கினார், காதைப் பார்த்தார், தொண்டையைப் பார்த்தார், தொப்புளைப் பார்த்தார். நான் பக்கத்தில் நின்று, "கால் நல்லா சூடா இருக்கு, டாக்டர்" என்று பெருமையாகச் சொன்னேன். ஆக, அந்தச் சின்ன உடம்பில் எல்லோரும் பார்க்காமல் விட்ட இடம் ஒன்றே ஒன்று. அதற்குக் காவலாக நான் நின்றேன்.

மத்தியானம் மேட்ரன் ஸ்டேஷனிலிருந்து நேரே வந்தார். கையில் கல்யாண வீட்டுப் பை. அழுகையைக் கேட்டதும் பையைத் தரையில் வைத்தார்.

"எத்தனை நேரமா?"

"காலையிலிருந்து, மேட்ரன். வயிறுதான்..."

"பிள்ளை மேல ஒண்ணும் இருக்கக் கூடாது. எல்லாத்தையும் எடு."

துணியை எடுத்தேன். பஞ்சை எடுத்தேன். இடது காலுறை வந்துவிட்டது. வலது நாடாவை அவிழ்த்து உருவப் போனபோது பிள்ளை வீறிட்டான். மேட்ரன் என் கையைப் பிடித்துக்கொண்டார். கத்தரி வாங்கிக் காலுறையை மேலிருந்து தையல் தையலாக வெட்டித் திறந்தார். பெருவிரலுக்கு அடுத்த விரல் நாவல்பழ நிறத்தில் வீங்கியிருந்தது. என் முடிச்சின் இரண்டு வால்களும் ஈரத்தில் ஒன்றோடொன்று முறுக்கிக்கொண்டு, அவன் காலை உதற உதற, விரலைச் சுற்றி இறுகியிருந்தன. நூல் கண்ணுக்குத் தெரியவில்லை. சதைக்குள் போய்விட்டது.

ஓடிப்போய் டாக்டரம்மாவைக் கூட்டிவந்தேன். டாக்டரம்மா ஏதோ சொன்னார். சாயங்காலத்துக்குள் ரத்தம் ஓடாவிட்டால் விரலை எடுக்க வேண்டியிருக்கும் என்பது மட்டும்தான் விளங்கியது. மேட்ரன் கத்தரி நுனியை வைத்துப் பார்த்தார். நுழைய இடமில்லை. கத்தரியைக் கீழே வைத்துவிட்டு என்னைப் பார்த்தார்.

"இது ஒங்க ஊர் முடிச்சு. எந்தப் பக்கம் இளகும்?"

வலையில் செவுளோடு மாட்டிய மீனை இழுக்கக் கூடாது. இழுத்தால் நூல் இன்னும் உள்ளே போகும். மீனைக் கொஞ்சம் முன்னால் தள்ளி, முடிச்சு இருக்கிற பக்கம் தளரும் இடத்தில் நூலைத் தூக்க வேண்டும். இதை நான் ஆயிரம் தடவை செய்திருக்கிறேன். ஆனால் மீன் அழாது. வெந்நீரில் போட்டெடுத்த மொட்டை ஊசியை வாங்கினேன். மேட்ரன் பாதத்தைப் பிடித்துக்கொண்டார். வீங்கிய சதையை என் சுண்டுவிரலால் நகத்தின் பக்கம் தள்ளி, முடிச்சை ஒட்டி ஊசியைப் படுத்தவாக்கில் விட்டேன். முதல் தரம் வழுக்கியது. இரண்டாம் தரமும் வழுக்கியது. மூன்றாம் தரம் நூலின் ஒரு சுற்று ஊசிமேல் ஏறியது. "இப்ப" என்றேன். மேட்ரன் அந்த இடத்தில் வெட்டினார். மீதிச் சுற்றை நான் சுழற்றி எடுத்தேன். விரலில் மோதிரம் போட்ட மாதிரி ஒரு வெட்டு, அதில் துளி ரத்தம். பிள்ளையின் அழுகை நின்றது. தூங்கிவிட்டான். நான்தான் அழுதேன்.

காலைச் சற்று உயர்த்தி வைத்துவிட்டுக் காத்திருந்தோம். அரை மணிக்கு ஒரு தரம் விரலைப் பார்த்தேன். கறுப்பு, கறுப்பு, அதே கறுப்பு. எனக்குத் தெரிந்த புனிதர்களை, அர்ச்சிஷ்டவர்களை எல்லாம் கூப்பிட்டேன். விளக்கு வைக்கிற நேரத்துக்கு அடியில் ஒரு ஓரம் சிவந்தது. டாக்டரம்மா அழுத்திப் பார்த்தார். வெளுத்தது, மறுபடி சிவந்தது. "விரல் பிழைச்சது" என்றார்.

இனிதான் வேடிக்கை. ஆச்சி என் இரண்டு கையையும் பிடித்துக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். "மகராசி, நீ இல்லன்னா எம் பேரன் நொண்டியாயிருப்பானே. எல்லாம் எங் கண்ணுதான். புதுசு கூடாதுன்னு வாய வச்சேன், அதான் பட்டுருச்சு" என்று தன் வாயில் தானே போட்டுக்கொண்டார். அண்ணாச்சி மறுநாள் ஒரு தார் வாழைப்பழம் அனுப்பினார். வார்டு முழுக்க என் புகழ். மேட்ரன் எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டு வெட்டிய காலுறையை ஒரு தாளில் சுற்றி என்னிடம் கொடுத்தார். இந்தத் தரம் பிரிக்கவில்லை.

"நான் சொல்ல மாட்டேன், செபஸ்தி. முடிச்சு யாருதோ அவங்க சொல்லணும்" என்றார்.

சொல்லலாம் என்றுதான் ஒவ்வொரு நாளும் போவேன். ஒரு நாள் செல்லக்கனி பால் கொடுத்துக்கொண்டிருந்தாள், அந்த நேரத்தில் சொல்லக் கூடாது. ஒரு நாள் வெள்ளிக்கிழமை. ஒரு நாள் அண்ணாச்சி வந்திருந்தார். ஒரு நாள் எனக்குத் தொண்டை கட்டியிருந்தது. அந்தத் தொண்டையை வைத்துக்கொண்டு வார்டு முழுக்கப் பேசினேன் என்பது வேறு விஷயம். வாழைப்பழத்தையும் விடவில்லை. ஒன்று தின்னும்போதெல்லாம் நாளைக்குக் கட்டாயம் சொல்லிவிடுவது என்று முடிவு செய்வேன். தார் தீர்ந்தது. பிள்ளையும் மூன்று வாரத்தில் தேறி, வீட்டுக்குப் போகும் நாள் வந்தது.

ஜட்கா வண்டி வாசலில் நின்றது. ஆச்சி ஏறிவிட்டார். செல்லக்கனி பிள்ளையோடு ஏறி உட்கார்ந்தாள். பிள்ளையின் இரண்டு காலையும் சேர்த்துப் பழைய சேலைத் துணியில் சுற்றியிருந்தது. நானே சுற்றி, பழக்கதோஷத்தில் நாடாவும் கட்டியிருந்தேன். வண்டிக்காரர் கடிவாளத்தை எடுத்தார். இனிமேல் எனக்கு வெள்ளிக்கிழமையும் இல்லை, தொண்டைக்கட்டும் இல்லை. சக்கரத்தைப் பிடித்துக்கொண்டு சொல்லிவிட்டேன். காலுறை நான் பின்னியது, நூல் நான் விட்டது, கழற்றிப் பார்க்க வேண்டிய வேளைகளில் வீம்புக்குக் கழற்றாமல் இருந்தது நான், எல்லாவற்றையும் சொன்னேன்.

ஆச்சி என்னை வெறித்துப் பார்த்தார். திட்டப்போகிறார் என்று தலையைக் குனிந்தேன்.

"அப்ப எங் கண்ணு இல்லியா?" என்றார்.

"இல்ல ஆச்சி. என் முடிச்சுதான்."

"ஆத்தாடி!" என்று ஒரு பெருமூச்சு விட்டார். மூன்று வாரமாக அந்த அம்மாள் பேரனை நேராகப் பார்க்காமலே தூக்கி வைத்துக்கொண்டிருந்தது அப்போதுதான் எனக்கு உறைத்தது. முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு, குனிந்து, முதல் தரமாக அவன் முகத்தை நன்றாகப் பார்த்தார்.

செல்லக்கனி அழுதுகொண்டிருந்தாள். "எனக்குத் தெரியும், நர்ஸம்மா" என்றாள்.

"என்னளா தெரியும்?"

"அன்னைக்கு விடியக்கால இருந்தே அந்தக் கால மட்டும் ஒதறிக்கிட்டே கெடந்தான். கழட்டிப் பாத்துருவோமான்னு நாலு தரம் நாடால கைய வச்சேன். நீங்க கழட்டப்பிடாதுன்னியளே. அப்படி அழகா திருப்பிக் கட்டவும் எனக்குத் தெரியாது. கோவப்படுவியளோன்னு விட்டுட்டேன். பெத்தவ நானே பாக்கலியே, நர்ஸம்மா."

முடிச்சுக்கும் வீம்புக்கும் மன்னிப்புக் கேட்கத்தான் நான் பாடம் பண்ணி வந்திருந்தேன். அந்தப் பெண் என்னைப் பார்த்ததும் எழுந்து உட்கார்ந்ததெல்லாம் எதற்கு என்று அன்றைக்குப் புரிந்தது. பெண்களே, முடிச்சை நான் ஒரே நாளில் திருத்திக்கொண்டேன். இந்த அதட்டலைத் திருத்த எனக்கு ரொம்ப வருஷம் ஆயிற்று. இன்னும் முழுசாகத் திருந்தியதாகவும் சொல்லமாட்டேன்.

வண்டிக்காரர், "நேரமாவுது, தாயி" என்றார். செல்லக்கனி மடியில் இருந்த பிள்ளையின் காலைப் பார்த்தாள். பிறகு என்னைப் பார்த்தாள். கை நாடாவின்மேல் இருந்தது.

"இப்பக் கழட்டிப் பாக்கட்டுமா, நர்ஸம்மா?" என்றாள்.

"ஏளா, ஒம் புள்ள கால நீ பாக்கதுக்கு எங்கிட்ட ஏங் கேக்க?"

நாடாவை அவிழ்த்தாள். துணியை உருவி எறிந்தாள். தெருவென்றும் பார்க்கவில்லை, காற்றென்றும் பார்க்கவில்லை, வண்டிக்காரர் முணுமுணுத்ததையும் கேட்கவில்லை. ஒவ்வொரு விரலாகப் பிடித்து, வாய்விட்டு, ஒன்று இரண்டு என்று பத்து வரைக்கும் எண்ணினாள். எண்ணி முடித்து, மறுபடி முதலிலிருந்து எண்ணத் தொடங்கினாள்.